அரசு வேலை நியமனத்தில் முறைகேடு: பொதுநல வழக்கு போட்டால் நிற்குமா?

அல்சூர்க்காரன் கேட்டது:

வணக்கம். சிவாஜிநகர் பக்கம் போட்டித் தேர்வுக்குப் படிக்கிற பிள்ளைகளுக்கு வழிகாட்டும் சிறு குழு எங்களுடையது. எங்களில் வக்கீல் யாரும் இல்லை. கர்நாடக அரசுத் துறை ஒன்றின் ‘பி’ பிரிவுப் பணியிடங்களுக்கு இறுதித் தேர்வுப் பட்டியல் வந்துவிட்டது. விதி கேட்கிற மூன்று வருட அனுபவம் இல்லாத சிலர் அதில் இருப்பதாகத் தெரிகிறது. பட்டியலுக்கு வெளியே நின்றுபோன பிள்ளைகள் வழக்கு என்றதும் பின்வாங்குகிறார்கள். அடுத்த தேர்வில் பழிவாங்கிவிடுவார்களோ என்ற பயம். எனவே குழுவின் பெயரிலேயே ஹைகோர்ட்டில் பொதுநல வழக்கு போடலாம் என்று பேச்சு. இது நிற்குமா? சட்டப்படி அமைந்த ஒரு வாரியத்தின் தலைமைப் பதவியிலும் தகுதியில்லாதவர் உட்கார்ந்திருப்பதாகப் புகார் இருக்கிறது. அதையும் இதே மனுவில் சேர்த்துவிடலாமா?

கந்தாயபவன் கதிர் எழுதியது:

தேர்வுப் பட்டியல் விஷயத்தில் பொதுநல வழக்கு நிற்காது. வாரியத் தலைவர் விஷயத்தில் வேறு வழி இருக்கிறது, அதைத் தனியாகப் பேசலாம். இரண்டையும் ஒரே மனுவில் கட்டினால் நிற்கக்கூடியதும் சேர்ந்து விழும்.

ஏன் நிற்காது? நியமனம், பதவி உயர்வு, சீனியாரிட்டி, இடமாற்றம் எல்லாமே ‘சர்வீஸ் மேட்டர்’. இதில் கோர்ட் முதலில் கேட்பது, “தப்பு நடந்ததா” என்றல்ல. “நடந்த தப்பில் உனக்கு என்ன போயிற்று” என்றுதான். 1998-இல் துரியோதன் சாஹு வழக்கில் சுப்ரீம் கோர்ட் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டம், 1985-இன் 19-ஆவது பிரிவு ‘பாதிக்கப்பட்ட நபர்’ மனு செய்யலாம் என்கிறது; சம்பந்தமில்லாத மூன்றாம் ஆள் பொதுநலம் என்று சொல்லிக்கொண்டு அங்கே வரமுடியாது. பின்னால் வந்த தீர்ப்புகள் எல்லாம் அந்தத் தடத்தில்தான் போகின்றன. 2010-இல் கிரிஜேஷ் ஸ்ரீவஸ்தவா வழக்கு, பொதுநல மனுவின் பேரில் மத்தியப் பிரதேச ஹைகோர்ட் ரத்து செய்த நியமனங்களைப் பற்றியது. சுப்ரீம் கோர்ட் அந்த உத்தரவைத் தள்ளியது. 2019-இல் விஷால் தோரட் வழக்கில் மகாராஷ்டிர உதவி மோட்டார் வாகன ஆய்வாளர் தேர்வில் தலையிட்ட ஹைகோர்ட் உத்தரவுக்கும் இதே கதி.

இன்னொரு சங்கடம், நீங்கள் போகவேண்டிய இடமே ஹைகோர்ட் இல்லை. மாநில அரசுப் பணிக்கான தேர்வு விவகாரம் முதலில் கேஜி ரோடு கந்தாய பவனில் இருக்கிற கர்நாடக நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் போகவேண்டும். ‘ஆள்தேர்வு’ என்ற சொல்லே சட்டத்தில் இருப்பதால், வேலை கிடைக்காத விண்ணப்பதாரரும் அங்கே மனு செய்யலாம். 1997-இல் எல். சந்திரகுமார் வழக்குக்குப் பிறகு தீர்ப்பாயம் முதல் படி, ஹைகோர்ட் டிவிஷன் பெஞ்ச் அடுத்த படி. மத்திய அரசுப் பணியாக இருந்தால் இந்திராநகர் பிடிஏ காம்ப்ளக்ஸில் உள்ள மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம். 545 எஸ்ஐ பணியிடத் தேர்வு முறைகேடு ஊரையே உலுக்கியதே, அந்த விவகாரம்கூட விண்ணப்பதாரர்கள் வழியாகத் தீர்ப்பாயத்தில் தொடங்கி, பிறகே ஹைகோர்ட்டுக்கு வந்தது. 2023 நவம்பரில் மறுதேர்வுதான் என்று முடிந்தது. மேற்கு வங்கத்தில் 25,000-க்கு மேற்பட்ட பள்ளி நியமனங்கள் 2025 ஏப்ரலில் ரத்தானதற்கும் பின்னால் இருந்தது பட்டியலில் விடுபட்ட விண்ணப்பதாரர்களின் ரிட் மனுக்கள்.

பயப்படுகிற பிள்ளைகளுக்காக நாங்கள் வருகிறோம் என்பது கோர்ட்டில் எடுபடாது. ஏழ்மையாலோ சமூக நிலையாலோ கோர்ட் வாசலுக்கு வரவே முடியாதவர்களுக்காகத்தான் பொதுநல வழக்கு என்ற கதவைத் திறந்தார்கள். பட்டப்படிப்பு முடித்துத் தேர்வெழுதியவர் அந்தக் கணக்கில் வரமாட்டார்.

சர்வீஸ்ரூல் சுந்தரி எழுதியது:

கதிர் சார் சொன்னதோடு ஒன்று சேர்க்கிறேன். பொதுநல வழக்கு தள்ளுபடி ஆவதைவிடப் பெரிய நஷ்டம், அது நடக்கிற காலத்தில் பிள்ளைகளுடைய கெடு ஓடிப்போவது.

நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டத்தின் 21-ஆவது பிரிவுப்படி இறுதி உத்தரவு தேதியிலிருந்து ஒரு வருடத்துக்குள் தீர்ப்பாயத்தில் மனு விழவேண்டும். உங்கள் குழு போட்ட வழக்கு ஹைகோர்ட்டில் பதினான்கு மாதம் கிடந்து, “உரிய மன்றத்தை அணுகலாம்” என்று திரும்பி வந்தால் அந்த வருடம் போனதுதான். தவறான கோர்ட்டில் செலவழித்த காலத்தைக் கழித்துக்கொள்ள லிமிட்டேஷன் சட்டம் 14-ஆவது பிரிவு இருக்கிறதே என்பீர்கள். அது அதே ஆள் நல்லெண்ணத்தோடு வழக்கு நடத்தியிருந்தால்தான். வழக்கு நடத்தியது குழு, பாதிக்கப்பட்டது பிள்ளை. இருவரும் வேறு வேறு. 21(3)-இன் கீழ் தாமத மன்னிப்பு கேட்கலாம், ஆனால் “எங்களுக்காக வேறொருவர் வழக்கு போட்டிருந்தார், காத்திருந்தோம்” என்பது பலவீனமான காரணம்.

ஏற்கெனவே வேலையில் இருப்பவர்களுக்குக் கணக்கு கொஞ்சம் மாறும். பணி விதியில் மேல்முறையீடு இருந்தால் 20-ஆவது பிரிவுப்படி அதை முதலில் செய்துவிட வேண்டும். உதாரணம்: பதவி உயர்வு உத்தரவு 10.03.2025, மேல்முறையீடு கொடுத்தது 02.04.2025. 20.07.2025 அன்று பதில் வந்தால் 20.07.2026 வரை நேரம். பதிலே வராவிட்டால் ஆறு மாதம் முடிகிற 02.10.2025-லிருந்து ஒரு வருடம், அதாவது 02.10.2026. இதில் எல்லோரும் சறுக்குகிற இடம்: விதியில் இல்லாத மனுவை மாசாமாசம் அனுப்பி, “பதிலுக்குக் காத்திருக்கிறேன்” என்று உட்கார்ந்துவிடுவது. 1989-இல் எஸ்.எஸ். ராத்தோர் வழக்கிலேயே சொல்லிவிட்டார்கள், திரும்பத் திரும்ப மனு கொடுத்தால் கெடு நீளாது. நமது தமிழ்நாட்டுச் சுரங்கத் துறை ஊழியர் சி. ஜேக்கப் வழக்கில் 2008-இல் இன்னும் ஒரு படி மேலே போனார்கள்: பழைய கோரிக்கைக்கு அதிகாரி இன்று பதில் எழுதினாலும் செத்த வழக்கு உயிர்க்காது.

தேர்வுப் பட்டியல் என்றால் விதிப்படியான மேல்முறையீடு என்று ஒன்றும் பெரும்பாலும் இருக்காது. எனவே பட்டியல் தேதியையே தொடக்கமாக வைத்துக்கொள்ளுங்கள். நியமன உத்தரவு கையில் போவதற்கு முன்பே மனு விழுந்தால் இடைக்கால உத்தரவு கிடைக்கிற வாய்ப்பும் கூடும். சேர்ந்து சம்பளம் வாங்க ஆரம்பித்த பிறகு ஆளை எழுப்புவது வேறு மாதிரி வேலை.

பயத்துக்கு ஒரு மருந்து உண்டு: ஒரே குறை உள்ளவர்கள் சேர்ந்து கூட்டு மனுவாகப் போடலாம். மத்தியத் தீர்ப்பாய நடைமுறை விதிகள், 1987-இல் விதி 4(5) இதற்கு இடம் தருகிறது. சங்கமேகூட மனுதாரராக இருக்கலாம். ஆனால் எந்தப் பிரிவினருக்காக என்று சொல்ல வேண்டும், பாதிக்கப்பட்ட ஒருவராவது கூட நிற்க வேண்டும். ஆறு பேர் பெயர் வரிசையில் நான்காவதாக இருப்பதற்கு ஒரு பிள்ளை ஒத்துக்கொள்ளும், முதல் பெயராக இருக்கத்தான் தயங்கும். மாநிலத் தீர்ப்பாயத்தில் இதற்கான விதி எண்ணை வக்கீலிடம் உறுதி செய்துகொள்ளுங்கள்.

அல்சூர்க்காரன் எழுதியது:

மிக்க நன்றிங்க. இரண்டு சந்தேகம். தேர்வானவர்களின் அனுபவச் சான்றிதழை ஆர்டிஐ-யில் கேட்டோம், ‘தனிநபர் தகவல்’ என்று மறுத்துவிட்டார்கள். ஆதாரம் இல்லாமல் எப்படிப் போவது? வாரியத் தலைவர் விஷயத்தையும் கொஞ்சம் விளக்குங்கள்.

கந்தாயபவன் கதிர் எழுதியது:

ஆர்டிஐ-யில் அந்தக் கதவு பெரும்பாலும் மூடியதுதான். 2012-இல் கிரீஷ் தேஷ்பாண்டே வழக்கிலிருந்தே ஊழியரின் பணிப் பதிவுகள், தனிநபர் தகவலுக்கு விலக்கு தருகிற 8(1)(ஜெ) பிரிவின் கீழ் போய்விட்டன. ஆளைக் கேட்காதீர்கள், கோப்பைக் கேளுங்கள். ஆள்தேர்வு விதியின் கெஜட் நகல், அறிவிக்கை, விண்ணப்பிக்கக் கடைசித் தேதி, சான்றிதழ் சரிபார்ப்புக் குழுவுக்குத் தந்த வழிகாட்டுதல், மதிப்பெண் வாரியான பட்டியல். இவ்வளவு போதும், மனு எழுதிவிடலாம். சான்றிதழ்களை வரவழைப்பது தீர்ப்பாயத்தின் வேலை; “தேர்வுக் கோப்பை அசலாகச் சமர்ப்பிக்க உத்தரவிட வேண்டும்” என்று இடைக்கால வேண்டுகோளாகச் சேர்த்துவிடுங்கள். கடைசித் தேதியை ஏன் கேட்கச் சொல்கிறேன் என்றால், அறிவிக்கையில் வேறு மாதிரி சொல்லாத வரை அனுபவம் அந்தத் தேதிக்குள் நிறைவாகியிருக்க வேண்டும். சரிபார்ப்பு நடந்த நாள் வரை கூட்டி மூன்று வருடம் ஆக்கியிருப்பார்கள். தப்பு வழக்கமாக நடப்பது அந்த இடத்தில்தான்.

பட்டியலில் இருப்பவர்களை எதிர்மனுதாரராகச் சேர்க்காமல் விட்டால் வழக்கு அங்கேயே முடிந்தது. பிரபோத் வர்மா வழக்கு, 1984. எண்ணிக்கை பெரிது என்றால் சிலரையாவது பிரதிநிதிகளாகப் பெயர் சொல்லிச் சேர்க்க வேண்டும். கிரிஜேஷ் வழக்கில் நியமனம் போனவர்கள் யாரையும் கேட்காமலே ரத்து செய்திருந்தார்கள், சுப்ரீம் கோர்ட் அதையும் ஒரு குறையாக எடுத்தது. பொதுநல வழக்கு போடுகிறவர்கள் தவறாமல் செய்கிற பிழை இது. அரசையும் தேர்வாணையத்தையும் சேர்ப்பார்கள், வேலை போகப்போகிற ஆளை மறந்துவிடுவார்கள்.

இப்போது வாரியத் தலைவர். சர்வீஸ் விஷயத்தில் வெளியாள் நுழைய இருக்கிற ஒரே சந்து கோ வாரண்டோ. “நீ எந்த அதிகாரத்தில் இந்த நாற்காலியில் இருக்கிறாய்” என்று கேட்கிற ரிட். அதற்கு மனுதாரர் பாதிக்கப்பட்டிருக்க வேண்டியதில்லை. 2010-இல் ஹரிபன்ஷ் லால் வழக்கு, ஜார்க்கண்ட் மின்வாரியத் தலைவர் நியமனம் பற்றியது, இதைத்தான் விதிவிலக்காகச் சொன்னது. சொல்லிவிட்டு அந்த வழக்கில் மனுதாரரைத் தோற்கவும் வைத்தது!

சந்து குறுகலானது. பதவி பொதுப் பதவியாக இருக்க வேண்டும், சட்டத்தால் உண்டானதாக இருக்க வேண்டும், நியமனம் சட்டப்பூர்வ விதிக்கு முரணாக இருக்க வேண்டும். அரசாணை, சுற்றறிக்கை, ‘வழக்கமாக இப்படித்தான்’ என்பதெல்லாம் போதாது. இதற்கு இரண்டு பெரிய வழக்குகளும் நம்ம ஊரிலிருந்துதான் போயின. மைசூர் பல்கலைக்கழக ரீடர் நியமனத்தை 1963-இல் ஐந்து நீதிபதிகள் காப்பாற்றினார்கள். கல்வித் தகுதியை எடைபோடுவதில் நிபுணர் குழுவின் கருத்துக்கு மேல் கோர்ட் எளிதில் போகக்கூடாது என்றார்கள். 2006-இல் பி. ஸ்ரீனிவாச ரெட்டி வழக்கு, கர்நாடக நகர்ப்புறக் குடிநீர் வடிகால் வாரிய மேலாண் இயக்குநர் பதவி. ஊழியர் சங்கம் போட்ட வழக்கு, ஹைகோர்ட்டில் ஜெயித்தது, டெல்லியில் தோற்றது. சட்டத்தில் தடை எங்கே இருக்கிறது என்று காட்ட முடியவில்லை.

ஜெயித்ததும் உண்டு. 2011 மார்ச்சில் மத்திய ஊழல் தடுப்பு ஆணையர் பி.ஜே. தாமஸ் நியமனம் ரத்தானது. அங்கே 2003-ஆம் வருடச் சட்டத்தின் கீழ் நடந்த பரிந்துரையே சட்டப்படி செல்லாது என்று காட்டினார்கள். ‘அவர் நல்லவரா’ என்று வாதாடியிருந்தால் நின்றிருக்காது.

வேண்டுகோள் எழுதுகிற விதத்தில்தான் பாதி வழக்கு இருக்கிறது. “இவரை நீக்கிவிட்டு, தகுதியும் மூப்பும் உள்ள இன்னாரை நியமிக்க வேண்டும்” என்று எழுதினீர்களோ, அந்த நொடியே அது சர்வீஸ் வழக்காகிவிடும், நீங்கள் இன்னாரின் பினாமி என்ற பேச்சும் வரும். “எந்தச் சட்டப்பிரிவின் கீழ் இப்பதவியை வகிக்கிறார் என எதிர்மனுதாரர் காட்ட வேண்டும், காட்டத் தவறினால் பதவி காலியென அறிவிக்க வேண்டும்.” இதோடு நிறுத்துங்கள். ஹைகோர்ட் ரெஜிஸ்ட்ரியில் வழக்கு எண்ணுக்குப் பின்னால் ஒரு குறி போடுவார்கள்: எஸ்-கேசாட் என்றால் தீர்ப்பாயத்திலிருந்து வந்தது, எஸ்-ரெஸ் என்றால் இதர சர்வீஸ், ஜிஎம்-ரெஸ்-பிஐஎல் என்றால் பொதுநலம். எந்த பெஞ்ச் முன்னால் போகிறது என்பது அந்தக் குறியில் இருக்கிறது. வேண்டுகோள் குழப்பமாக இருந்தால் அந்த இடத்திலேயே ஆட்சேபம் விழும்.

பிரிகேட் பாலு எழுதியது:

சர்வீஸ் என்றாலே பொதுநல வழக்கு கிடையாது என்கிற மாதிரி போகிறது இந்த இழை. அது சரியில்லை. டி.எஸ்.ஆர். சுப்பிரமணியன் வழக்கை எடுத்துக்கொள்ளுங்கள்: ஓய்வுபெற்ற அதிகாரிகள் போட்ட மனு, 2013 அக்டோபரில் சுப்ரீம் கோர்ட் சிவில் சர்வீஸ் வாரியம் அமைக்கச் சொன்னது, வாய்மொழி உத்தரவைப் பதிவு செய்யச் சொன்னது. பிரகாஷ் சிங் வழக்கு, 2006: டிஜிபிக்குக் குறைந்தது இரண்டு வருடப் பதவிக்காலம். தகவல் ஆணையர் பணியிடங்கள் காலியாகக் கிடப்பது பற்றி அஞ்சலி பரத்வாஜ் வழக்கு, 2019. இவை எல்லாமே பணி சம்பந்தப்பட்டவைதான்.

கந்தாயபவன் கதிர் எழுதியது:

பாலு சார், ஒத்துக்கொள்கிறேன், நான் பொதுப்படையாகச் சொல்லிவிட்டேன். அவற்றில் எந்த வழக்கிலும் ‘ராமனை எடு, கிருஷ்ணனைப் போடு’ என்ற கேள்வி இல்லை. இடம் காலியாகக் கிடப்பதால் ஜனங்களுக்குச் சேவை நின்றுபோகிறது என்பது பொதுநலம். அந்த இடத்துக்கு யார் வரவேண்டும் என்பது வந்ததும் அது தனியார் சண்டை. நீங்கள் சொன்னதில் உண்மையான சோதனை: மனு ஜெயித்தால் ஒரு குறிப்பிட்ட ஆளின் சம்பளமோ சீனியாரிட்டியோ மாறுமா? மாறும் என்றால் அந்த ஆள்தான் கோர்ட்டுக்கு வரவேண்டும்.

பிரிகேட் பாலு எழுதியது:

அப்படியென்றால் ஒப்பந்தத் துப்புரவுத் தொழிலாளர் விஷயம்? குறைந்தபட்சக் கூலி கூட இல்லாமல், பிஎஃப் கட்டாமல் வேலை வாங்குவது. அவர்களின் சம்பளம்தான் அதில் மாறுகிறது.

சர்வீஸ்ரூல் சுந்தரி எழுதியது:

நல்ல கேள்வி பாலு அண்ணா. அங்கே கதவு திறந்திருக்கிறது. 1982-இல் டெல்லி ஆசிய விளையாட்டுக் கட்டுமானத் தொழிலாளர் வழக்கில், மக்கள் ஜனநாயக உரிமைக் கழகம்தான் மனுதாரர். குறைந்தபட்சக் கூலிக்குக் கீழே வேலை வாங்குவது அரசியல் சட்டத்தின் 23-ஆவது ஷரத்து தடைசெய்கிற கட்டாய உழைப்பு என்றது சுப்ரீம் கோர்ட். மலக்குழியில் இறந்தவர் குடும்பத்துக்கு 30 லட்சம் என்று 2023 அக்டோபரில் வந்த பல்ராம் சிங் தீர்ப்பும் பொதுநல வழக்கில்தான். வந்து கேட்கமுடியாத நிலையில் இருப்பவர்கள், கேட்பது மனிதராக நடத்து என்பதை.

ஆனால் அதே மனுவில் “இவர்களை நிரந்தரமாக்க வேண்டும்” என்று ஒரு வரி சேர்த்துப் பாருங்கள், 2006 ஏப்ரலில் ஐந்து நீதிபதிகள் சொன்ன உமாதேவி தீர்ப்பு எதிரே வந்து நிற்கும். அதுவும் கர்நாடகத்து வழக்குதான். நிரந்தரம் கேட்பது அந்தந்தத் தொழிலாளியின், அல்லது அவர்கள் சங்கத்தின் வழக்கு. தொழில் தகராறாகப் போகவேண்டியது. இரண்டையும் பிசையாதீர்கள்.

அல்சூர்க்காரன் எழுதியது:

புரிகிறது. எங்கள் குழுவில் ஒருவர், “தோற்றால் என்ன, இன்னொருத்தர் மறுபடி போடட்டும்” என்கிறார். லோகாயுக்தாவில் ஒரு புகார் கொடுத்துவைக்கலாமா என்றும் கேட்கிறார்.

சர்வீஸ்ரூல் சுந்தரி எழுதியது:

தோற்றால் சும்மா போகாதுங்க. நல்லெண்ணத்தோடு நடத்திய பொதுநல வழக்கில் வந்த முடிவு அடுத்தவரையும் கட்டும் என்று 2006-இலேயே சொல்லிவிட்டார்கள். நைஸ் ரோடு வழக்குதான் அது, பெங்களூர்–மைசூர் திட்டம். அரைகுறைத் தயாரிப்போடு போய்த் தோற்றுவிட்டு, நாளைக்கு ஒழுங்காகப் போகிறவரின் வழியை அடைத்துவிடாதீர்கள். செலவுத் தொகையும் உண்டு: உத்தராகண்ட் அட்வகேட் ஜெனரல் நியமனத்தை எதிர்த்த சௌஃபல் வழக்கில் 2010-இல் ஒரு லட்சம் விதித்தார்கள். ஒவ்வொரு ஹைகோர்ட்டும் பொதுநல வழக்குக்கு விதி வகுக்க வேண்டும் என்று சொன்னதும் அந்தத் தீர்ப்புதான். மனுதாரருக்குச் சொந்த ஆதாயம் இல்லை என்று உறுதிமொழிப் பத்திரம் கேட்பார்கள். உங்கள் குழுவில் படிக்கிற பிள்ளையே அந்தத் தேர்வை எழுதியிருந்தால் அந்தப் பத்திரத்தில் கையெழுத்துப் போடும்போது யோசியுங்கள்.

லோகாயுக்தா நியமனம், சம்பளம், ஒழுங்கு நடவடிக்கை பற்றிய குறைகளை எடுக்காது. 1984-ஆம் வருடச் சட்டத்தின் அட்டவணையிலேயே விலக்கு இருக்கிறது. லஞ்சம் கைமாறியதாகக் குறிப்பான குற்றச்சாட்டு இருந்தால் எடுக்கும், புகாரோடு அபிடவிட் வைக்க வேண்டும். போலிச் சாதிச் சான்றிதழ் என்றால் குடிமை உரிமை அமலாக்க இயக்ககத்தில் புகார் கொடுக்கலாம். இரண்டுமே தீர்ப்பாயக் கெடுவை நிறுத்தி வைக்காது.

கந்தாயபவன் கதிர் எழுதியது:

உடனே செய்ய வேண்டியது ஒன்றுதான். பட்டியலுக்கு வெளியே நின்ற பிள்ளைகளில், தகுதியில்லாதவர்களை எடுத்துவிட்டால் மதிப்பெண்படி யாருக்கு இடம் வரும் என்று கணக்குப் போடுங்கள். முப்பது இடம் கீழே இருக்கிறவர் மனு போட்டால், “உனக்கு எப்படியும் கிடைத்திருக்காதே” என்பது முதல் கேள்வி. கட்-ஆஃபுக்கு நெருக்கமாக, அதே இடஒதுக்கீட்டுப் பிரிவில், ஒன்றோ இரண்டோ இடம் கீழே நிற்கிறவரைப் பிடியுங்கள். அவர் கையில் ஹால்டிக்கெட், மதிப்பெண் நகல், தன் அனுபவச் சான்றிதழ் இருக்கிறதா பாருங்கள். தேர்வெழுதிவிட்டுக் குறை சொல்கிறாயே என்று மதன்லால் வழக்கை எதிர்த்தரப்பு நீட்டுவார்கள். அது நடைமுறை தெரிந்தே கலந்துகொண்டு பிறகு அந்த நடைமுறையைத் தாக்குகிறவருக்கு. தகுதியில்லாதவர் தேர்வானது பட்டியல் வந்த பிறகே தெரிந்தது என்று மனுவில் தேதியோடு எழுதுங்கள். பட்டியல் வெளியான தேதி என்ன என்று நீங்கள் சொல்லவேயில்லையே?

அல்சூர்க்காரன் எழுதியது:

ஒன்பது மாதம் ஆகிறது சார்.

கந்தாயபவன் கதிர் எழுதியது:

மூன்று மாதம்தான் இருக்கிறது. இந்த வாரமே அந்தப் பிள்ளையின் வீட்டுக்குப் போய்ப் பெற்றோரிடம் பேசுங்கள்.